கடைசி வரி

கிட்டே வந்து உட்காருங்கள், கண்ணுகளா. இனி வரப்போகிற காலத்துக் கதை ஒன்று சொல்கிறேன்.

கூர்மையான பார்வையுள்ள பிள்ளைகளைக் கடல்காவல் கோபுரங்களுக்குக் கொண்டுபோய்விடும் காலம் அது. போன பிள்ளை வீடு திரும்பியதில்லை. அதனால் தூத்துக்குடிக் கரைத் தாய்மார்கள், கண் மங்கலானதுபோல் நடிக்கப் பிள்ளைகளைப் பழக்கியிருந்தார்கள்.

"ஏட்டி ஜெனோவா, பெரிய எழுத்த மட்டும் வாசி. கீழ உள்ளதக் கேட்டா தெரியலன்னு சொல்லிரு," என்றாள் பிரிஜித்தா.

"எறும்போட மீசையே எனக்குத் தெரியுதேம்மா!"

"மீசைய வீட்டுல வந்து பாத்துக்கலாம். அங்க வாயத் தொறக்காத."

கண் பரிசோதனை அறையில் மகள் எழுத்துப் பலகையின் மேல்வரிகளைத் திக்கித் திக்கி வாசித்தாள். தாய் அவளுக்குப் பின்னால் சுவரோரம் நின்றாள்.

"கடைசி வரி?" என்று கேட்டார் டாக்டரம்மா.

"தெரியல டாக்டர்."

"அவசரமில்லம்மா. நல்லாப் பாரு."

ஜெனோவா பார்த்தாள். மறுகணம் பதறித் திரும்பி அம்மாவின் முகத்தைத் தேடினாள். பிரிஜித்தா சிரித்தபடிதான் நின்றிருந்தாள்.

பலகையின் கடைசி வரியில், கடுகிலும் சிறிய எழுத்தில், 'பின்னால் உன் அம்மா அழுகிறாள்' என்று எழுதியிருந்தது.

டாக்டரம்மா கோபுரப் பட்டியலில் ஜெனோவாவின் பெயரைக் குறித்துவிட்டு, எழுந்துபோய்க் கதவைத் தாழிட்டார். அதன்பிறகுதான் பிரிஜித்தா அழுதாள்.

உங்கள் வீட்டுப் பிள்ளைகள் உங்கள் கண்ணெதிரிலேயே வளர்ந்து, உங்கள் வாசலிலேயே வாழட்டும், தங்கங்களா.