ஒரே கம்பியில் இரண்டு கடை

கத்தியை ஓங்கியபடி கதவை மறித்து நின்றாள் மகள். "ரெண்டு பேர்ல ஒருத்தர் வெளிய போனாலும் நான் மனுஷியா இருக்க மாட்டேன்!"

அப்பாவும் அம்மாவும் ஆளுக்கொரு மூலையில் ஒடுங்கினார்கள். அவர்களுக்கு நடுவே பலகைமேல் ஒரு மாட்டு இதயம் பாதி வெட்டுப்பட்டுக் கிடந்தது.

கறியைக் கம்பியில் குத்திச் சுட்டு விற்பதுதான் இருவருக்கும் பிழைப்பு. அப்பா கடையில் பெரு நாட்டு ருசி, எதிர்ச்சாரி அம்மா கடையில் மிசோ என்ற புளித்த சோயா விழுது தடவிய ஜப்பான் ருசி. எது உசத்தி என்று தொடங்கிய தகராறு, சொந்தபந்தமெல்லாம் காலில் விழாத குறையாகக் கெஞ்சியும் அடங்காமல், மூன்று வருடத்துக்கு முன்பு விவாகரத்தில் போய் முடிந்தது.

"நாளைக்கு எனக்குக் கல்யாணம். விருந்துல அப்பா ஐட்டம் இருந்தா அம்மா வரமாட்டாங்க, அம்மா ஐட்டம் இருந்தா அப்பா வரமாட்டாரு. அதனால ரெண்டையும் ஒண்ணாக்கப் போறேன். தின்னு பார்த்துட்டு, வர்றோம்னு சொல்லிட்டுத்தான் நகரணும்!"

"உங்கம்மாகிட்ட சொல்லு, அந்த மிசோவைத் தடவினா என் கறி அழும்."

"உங்கப்பாகிட்ட சொல்லு, அவர் வினிகர் வாடைக்கு என் மிசோதான் அழணும்."

அப்பா சிவப்பு மிளகாய் விழுதில் வினிகரைக் கலக்கினார். போன மாதம்தான் அப்பா தன் வீட்டில் இடித்துக் கட்டிய சமையலறை அது. சீரக டப்பாவை மகள் தேடிக்கொண்டிருக்க, அம்மா மேல்தட்டில் கைவிட்டு எடுத்து நீட்டினாள். பிறகு தன் மிசோ விழுதையும் சோயா சாஸையும், சொத்தை எழுதிக் கொடுப்பவள்போல் முகத்தைத் தூக்கி வைத்துக்கொண்டு சேர்த்தாள்.

ஒரு மணி நேரம் அதில் ஊறிய இதயத் துண்டுகள் கரி அடுப்பில் ஏறின. பெற்றவர்களில் ஒருவர் இல்லாத கல்யாணத்தை நினைத்தாலே மகளுக்கு அழுகை வந்தது.

அம்மா ஒரு துண்டை வாயில் போட்டுக் கண்ணை மூடினாள். மென்றாள், மென்றுகொண்டே இருந்தாள்.

"சொல்லித் தொலையேம்மா!"

"நல்லாத்தான் இருக்கு. ஆனா மிசோ ஒரு கரண்டி கம்மி. போன வியாழக்கிழமை உங்கப்பா எனக்கு ஊட்டிவிட்டது இதைவிடப் பிரமாதம்."

மகள் கத்தியை மெல்லக் கீழே வைத்தாள். அப்பா தலையில் அடித்துக்கொண்டார்.

"வாய மூடுடி! அடுத்து, நாம மறுபடியும் கல்யாணம் பண்ணிக்கிட்டதையும் உளறிடப் போறே!"