பட்டாணி சூப்பு

“மன்னிக்கணும் மிஸ்டர் பெர்சி, கதாநாயகன் வேஷத்துக்கு நீங்க பொருந்தலை,” என்றாள் இளம் இயக்குநர் இமோஜென்.

லண்டனின் அந்தத் தேர்வு அறையில் பெர்சி அசையாமல் நின்றார். திரையில் பட்லராகவும் போலீஸ்காரராகவும் பிணமாகவும் வந்தே தலை நரைத்தவர்.

“எங்கிட்ட என்ன குறைச்சல்?”

“ஹீரோ எவனுக்கும் பணியாத ஆள் சார். அவமானப்படுத்தின தயாரிப்பாளர் மடியிலேயே டீயைக் கொட்டிட்டுப் போறவர். அந்த மிடுக்கு உங்க நடையில இல்லையே.”

“டீ இல்லம்மா, சூப்பு. பட்டாணி சூப்பு.”

“திரைக்கதையில டீன்னு மாத்தியாச்சு. சூப்பு பார்க்க நல்லா இருக்காது.”

பக்கத்தில் காலை நீட்டி உட்கார்ந்திருந்த தயாரிப்பாளர் நைஜல் குறுக்கிட்டார்.

“பெரியவரே, உங்களை வெறுங்கையோட அனுப்ப மனசில்லை. அதே காட்சியில டீ கொண்டு வர்ற பட்லர் வேஷம் இருக்கு. வசனம் கிடையாது. குனிஞ்சு வெச்சுட்டுப் போனாப் போதும். அதுதானே உங்களுக்குக் கைவந்த கலை?”

சொல்லிவிட்டுச் சிரித்தார்.

மேசையில் நைஜலின் டீ ஆறிப்போயிருந்தது. பெர்சி கோப்பையை எடுத்தார். பட்லருக்கே உரிய நிதானத்தோடு, ஒரு சொட்டுக்கூடச் சிந்தாமல் கொண்டுவந்து, நைஜலின் மடியில் கவிழ்த்தார்.

“சரி, டீயாவே இருக்கட்டும்.”

நைஜல் துள்ளி எழுந்தார். “இப்படிப் பண்ணினா படத்தை நிறுத்திடலாம்னு பார்க்கிறீரா? உம்ம வாழ்க்கைக் கதையை நாங்க முறையா விலைக்கு வாங்கியாச்சு ஐயா!”

பெர்சி தொப்பியை மாட்டிக்கொண்டார்.

“கதையைத்தான் வித்தேன். முதுகெலும்பை விக்கலை.”