குறைத்துச் சொன்ன உப்பு

காலநிலை ஆய்வாளர் கஜந்தினி, பண்டத்தரிப்பில் ஏரம்புவின் தோட்டக் கிணற்றுக்குள் உப்பு மீட்டரை இறக்கினாள். ஏழு காட்டியது. வெங்காயம் பிழைக்காது.

“கொஞ்சம் குறைச்சுச் சொல்லுங்கோ, பிள்ளை,” என்றார் ஏரம்பு.

“உது மீன் விலையே, ஐயா?”

“ரெண்டு எண்டு சொல்லுங்கோவன். நடுகைக்கு ஆக்கள் வந்திட்டினம்.”

அவர் முகத்தைப் பார்த்ததுதான் பிழை. “சரி, ரெண்டு,” என்றாள்.

மீட்டரும் இரண்டுக்கு இறங்கியது. ஏரம்பு தண்ணீரை அள்ளிக் குடித்துவிட்டுச் சிரித்தார்.

நல்லூரில் அவள் வீட்டுக் கிணறு உப்பே அறியாதது. அன்று மாலை அம்மா தந்த தேத்தண்ணி கரித்தது. கிணற்றில் மீட்டரை இறக்கினாள். ஐந்து.

விடிந்தபோது, ஏரம்புவின் கதை கேட்டு, படலை வாசலில் அளவெட்டி ஊர் ஆட்கள் தங்கள் கிணற்றுத் தண்ணீர்ப் போத்தல்களோடு நின்றார்கள்.

“எங்களுக்கும் பாத்துக் குறையுங்கோ, பிள்ளை.”

உள்ளே அம்மா, மிஞ்சிய ஒரு குடம் நல்ல தண்ணீரை மூடிவைத்தாள்.