விசிறி பிடிக்கும் விதம்

“பொம்பிளையை மேடையில ஏத்துறது கலை இல்லை, பிள்ளை. ஆம்பிளை பொம்பிளையா மாறுறதுதான் கலை,” என்று நடிக்கக் கேட்டு வந்த றீற்றாவைத் திருப்பி அனுப்பிவிட்டார் இராஜநாயகம். திருகோணமலை மாதா கோயில் நாடக மன்றத்துக்கு அவர்தான் தலைவர்.

விக்டோரியா மகாராணி காலத்து ஆங்கில நகைச்சுவை நாடகம் ஒன்றை அவரே தமிழாக்கியிருந்தார். அதில் வரும் சீமாட்டி வேடம், வழக்கம்போல துறைமுகத்து டொக்யாட்டில் வேலை செய்யும் சிறிலுக்கு. றீற்றா ஒத்திகை முழுக்க ஒரு மூலையில் இருந்து சீமாட்டியின் கவுணைத் தைத்தாள்.

கோயில் திருநாளன்று நாடகம் மேடையேறியது. சீமாட்டி வாய் திறந்ததுமே மண்டபம் சிரிப்பில் குலுங்கியது.

“மாப்பிள்ளைக்குப் பொய் சொல்லவே தெரியாதாம். அப்ப கலியாணம் முடிச்சு என்ன செய்யப்போறார்?”

சிறில் இந்த முறை குரலைக்கூட மாற்றிவிட்டானே என்று இராஜநாயகம் பூரித்துப்போனார். ஒரேயொரு குறைதான். இடைவேளையில் திரைக்குப் பின்னால் போய் அதையும் சொன்னார்.

“எல்லாம் திறம், சிறில். ஆனா விசிறியை உலக்கை மாதிரிப் பிடிக்கிறாய். பொம்பிளையள் இப்படித்தான் பிடிக்கிறவை,” என்று மணிக்கட்டை வளைத்துக் காட்டினார்.

சீமாட்டி விசிறியால் முகத்தை மறைத்தபடி பணிவாகத் தலையாட்டினாள்.

நாடகம் முடிந்ததும் இராஜநாயகம் சிறந்த நடிகருக்கான பதக்கத்தோடு மேடையேறினார்.

“பொம்பிளையாப் பிறந்தவளாலயும் இப்படி நடிக்க ஏலாது. நான் சொன்னது இப்ப விளங்குதா? சிறில், கிட்ட வா.”

“ஓம் ஐயா,” என்று கடைசி வரிசையில் கதிரையை விட்டு எழுந்தான் சிறில்.

மேடையில் சீமாட்டி பொய்முடியைக் கழற்றினாள். றீற்றாவின் பின்னல் இடுப்புவரை விழுந்தது. அவர் கையிலிருந்த பதக்கத்தை எடுத்துத் தானே கழுத்தில் போட்டுக்கொண்டாள்.

“வாற வருசம் விசிறியையும் பொம்பிளை மாதிரியே பிடிக்கிறன், ஐயா.”