திடலில் ஒரு பெயர்

“உங்களுக்குப் புண்ணியமாப் போகும், நாளைக்குத் திடல்ல என் பேரை மட்டும் யாரும் கூப்பிட்டுடாமப் பாத்துக்குங்க!” என்று மூக்கை உறிஞ்சினாள் வால்புர்கா.

அவள் புருஷன் இக்னாஸ் வாளைத் துடைத்துக்கொண்டே சிரித்தான். சுவிட்சர்லாந்து மலைநாட்டு அப்பன்செல் ஆண்களுக்கு இடுப்பு வாள்தான் ஓட்டுச் சீட்டு. வருஷத்துக்கு ஒருமுறை திடலில் கூடி, பதவிகளுக்குப் பெயர் கூவிக் கை தூக்குவார்கள், அதுதான் சட்டம். ‘பெண்களுக்கு ஓட்டா? கூடாது’ என்று அந்தக் கைகள் திரும்பத் திரும்பச் சொல்லிவிட்டன. அவர்கள் பிடிவாதத்துக்கு மலையே தேவலை. கடைசியில் பெண்கள் வழக்குப் போட்டு, கோர்ட் தலையில் குட்டிய பிறகுதான் ஓட்டு கிடைத்தது. வழக்குப் போட்டவர்களில் வால்புர்காவும் ஒருத்தி. அதற்காகப் பீர்க்கடையில் இக்னாஸ் பட்ட கேலி கொஞ்சநஞ்சமல்ல.

“கோர்ட்டுக்குப் போனப்ப இனிச்சுது. பதவின்னா கசக்குதோ?”

“கை தூக்கத்தானே கேட்டோம்? என்னை நீதிபதியாக்கிட்டா நான் என்ன பண்ணுவேன்? ஜெயிச்சவங்க மாட்டேன்னு சொல்லவும் நம்ம ஊர்ச் சட்டத்துல இடமில்லையே!”

“அதான்டி விஷயம்! மேடையில நின்னு நீ அழுறதைப் பாத்தா, அடுத்த வருஷம் ஒருத்தியும் திடல் பக்கம் தலைவெச்சுப் படுக்க மாட்டா.”

அன்று மாலையே பீர்க்கடைக்குப் போய், அவள் பெயரைக் கூவும்படி நண்பர்களிடம் சொல்லிவைத்தான்.

மறுநாள் திடலில், காலியாயிருந்த நீதிபதி இடத்துக்குப் பெயர் கேட்டார்கள்.

“வால்புர்கா!” என்று கத்தினான் நண்பன் அல்ஃபோன்ஸ்.

ஆண்கள் விழுந்து விழுந்து சிரித்தபடி கை தூக்கினார்கள். பெண்கள் சிரிக்காமல் தூக்கினார்கள். எண்ணிப் பார்க்கவே அவசியம் இருக்கவில்லை.

அவள் மேடை ஏறினாள். அழுகையைக் கிட்டத்தில் பார்க்க, கூட்டத்தை இடித்துக்கொண்டு முன்னால் வந்து நின்றான் இக்னாஸ்.

“நீதிபதி அங்கியெல்லாம் ஆம்பளைங்க அளவுலதாம்மா இருக்கு,” என்று சங்கடப்பட்டார் மேடையில் இருந்த தலைவர். “இன்னிக்கு அங்கி இல்லாமலே பிரமாணம் எடுத்துக்கங்க.”

“அதுக்கென்னங்க,” என்று தன் பையைத் திறந்தாள் வால்புர்கா. கறுப்பு அங்கி ஒன்றை எடுத்து உதறி மாட்டிக்கொண்டாள். தோளிலிருந்து கணுக்கால் வரை கச்சிதமாக இருந்தது.

இக்னாஸ் வாயைப் பிளந்தான். “இதை எப்போ தச்சே?”

“நேத்து உங்ககிட்ட அழுதேனே, அதுக்கு முந்தின வாரம்,” என்றாள் அவள். “ஜெயிக்க ஆம்பளைங்க கையும் வேணுமே, நேரா கேட்டா தூக்குவீங்களா?”