ஹாரன் அடிக்காது

"சாவியைத் திருப்பிட்டேன் அண்ணே. ஒண்ணுமே இல்ல. டிக்குனு ஒரு சத்தம்கூட வரல."

போனில் பேசிய பெண்ணின் குரல் நடுங்கியது. மெக்கானிக் போனைக் காதுக்கும் தோளுக்கும் நடுவே இடுக்கிக்கொண்டார். கையில் ஸ்பேனர், எதிரே பின் சக்கரம் கழற்றிய மோட்டார் பைக், அதற்கும் எதிரே ஸ்டூலில் அதன் சொந்தக்காரர். நிமிடத்துக்கு ஒரு தரம் கைக்கடிகாரத்தைப் பார்ப்பதைத் தவிர அந்த மனிதருக்கு உலகத்தில் வேறு வேலை இருப்பதாகத் தெரியவில்லை.

"எந்த வண்டி?"

"சாம்பல் கலர் கார். கண்ணாடியில உங்க நம்பர் ஒட்டியிருந்துச்சு. அண்ணே, எங்க வீட்டுக்காரர் வர்றதுக்குள்ள நான் கிளம்பணும். பாப்பாவைப் பின் சீட்டுல படுக்க வச்சிட்டேன். எப்படியாவது எங்க அக்கா வீட்டுக்குப் போய்ச் சேர்ந்துட்டா போதும்."

மெக்கானிக் ஸ்பேனரைக் கீழே வைத்தார்.

"ஹலோ? அண்ணே?"

"இருக்கேன். ஹெட்லைட்டைப் போட்டுப் பாருங்க. நல்லா எரியுதா?"

"எரியுது."

"அப்ப பேட்டரியில குறை இல்ல. பானெட்டைத் திறங்க. பேட்டரிக்குப் பக்கத்துல மூடி போட்ட கறுப்புப் பெட்டி ஒண்ணு இருக்கும்."

"வாயாலயே வண்டி ரிப்பேர் பண்ற ஆளை இன்னிக்குத்தான் பார்க்கிறேன்" என்றார் ஸ்டூல்காரர். "என் பிரேக் என்னய்யா ஆச்சு?"

"ரெண்டே நிமிஷம் சார்."

"மூடி வரமாட்டேங்குது அண்ணே."

"ரெண்டு பக்கமும் க்ளிப் இருக்கும். ரெண்டு கையாலயும் அழுத்தித் தூக்குங்க."

"ஒரு கைதான் முடியும். இன்னொண்ணுல கட்டுப் போட்டிருக்கு."

"என்ன ஆச்சு?"

"படியில விழுந்துட்டேன்னு எல்லார்கிட்டயும் சொல்லியிருக்கேன்."

மெக்கானிக்குக்குச் சுருக்கென்றது. தானே ஓடிப்போய் அந்த மூடியைப் பிய்த்து எறிய முடியவில்லையே என்று அவருக்கு இருப்புக் கொள்ளவில்லை. கையைத் துணியில் துடைத்தார். துடைத்த கையையே மறுபடியும் துடைத்தார்.

"என்னவாம்?" ஸ்டூல்காரருக்கும் சும்மா இருக்க முடியவில்லை.

"ஒரு பெட்டி மூடி சார். திறக்க வரலையாம்."

"கரண்டிக் காம்பை விட்டு நெம்பச் சொல்லுய்யா. இதுக்கெல்லாமா போன் போடுவாங்க?"

"கரண்டிக் காம்பை விட்டு நெம்புங்க" என்றார் மெக்கானிக் போனில், அட்சரம் பிசகாமல்.

செருப்புச் சத்தம் ஓடியது. எங்கோ பாத்திரங்கள் உருண்டன. மறுபடி செருப்புச் சத்தம். பிறகு படக்கென்று ஓர் ஓசை.

"வந்துடுச்சு அண்ணே!"

"வந்துடுச்சாம் சார்."

"பின்னே?" ஸ்டூல்காரர் சட்டைக் காலரைத் தூக்கிவிட்டுக்கொண்டார்.

மெக்கானிக் காற்றடிக்கும் கம்ப்ரஸரைப் போட்டுவிட்டு அதன் பின்னால் போய் நின்றார். கடை முழுக்க இரைச்சல். போனை வாயோடு ஒட்டி வைத்துப் பேசினார்.

"உள்ளே சின்னச் சின்னக் கட்டையா வரிசையா இருக்கும். அதுக்குப் பேரு ரிலே. சாவி சொல்றதை ஸ்டார்ட்டர் மோட்டாருக்கு எடுத்துட்டுப் போற ஆளு. மூலையில இருக்கிறது செத்துப்போச்சு. அதுக்கு இடது பக்கம் மூணாவது, ஹாரனோடது. ரெண்டும் ஒரே சைஸ். ரெண்டையும் பிடுங்கி, ஹாரனோடதை மூலையில மாட்டுங்க."

"பார்க்காமலே எப்படி அண்ணே சொல்றீங்க?"

"தொழில்தானே. நேரமில்ல, லேசா ஆட்டி நேரா மேல இழுங்க. ஆனா ஹாரன் அடிக்காது. பரவாயில்லையா?"

"சத்தமில்லாமப் போறதுதான் அண்ணே எனக்கு நல்லது... ஐயோ! கீழே விழுந்துடுச்சு!"

"எது?"

"மூலையில இருந்தது."

"அது கிடக்கட்டும் விடுங்க. இன்னொண்ணைப் பிடுங்குங்க."

"தெருவுல பைக் சத்தம் கேக்குது அண்ணே. வந்துட்டார் போலிருக்கு!"

"அது வேற யாரோ. நீங்க வேலையைப் பாருங்க."

பெண்ணின் மூச்சு மட்டும் வேகவேகமாகக் கேட்டது. மெக்கானிக் தன்னையறியாமல் பெருவிரலால் காற்றில் எதையோ அழுத்திக்கொண்டிருந்தார்.

"மாட்டிட்டேன்."

"நல்லா உள்ளே இறங்கட்டும். உட்காருங்க. கட்டுப் போட்ட கை கியர் போட ஆகுமா?"

"விரல் அசையுது. போட்டுக்குவேன்."

"அப்ப திருப்புங்க."

ஒரு முறை இழுத்தது. அடுத்த நொடி இன்ஜின் பிடித்துக்கொண்டது. அந்தப் பெண் ஏதோ சொல்ல வந்து, அழுதாள்.

"இப்ப அழ வேண்டாம். ரோட்டைப் பாருங்க. போனை வச்சிடுங்க. அக்கா வீடு போய்ச் சேர்ற வரைக்கும் யார் கூப்பிட்டாலும் எடுக்காதீங்க."

கம்ப்ரஸரை நிறுத்திவிட்டு மெக்கானிக் பைக்கின் அருகே வந்து குத்துக்காலிட்டு உட்கார்ந்தார். சட்டை முதுகோடு ஒட்டியிருந்தது.

"ஒருவழியா முடிஞ்சுதா உன் வைத்தியம்?" என்ற ஸ்டூல்காரர், காதில் வைத்திருந்த தன் போனை எடுத்து எரிச்சலோடு பார்த்தார். "மணி அடிச்சுக்கிட்டே இருக்கு, எடுக்க மாட்டேங்குறா என் பொண்டாட்டி. சரி, எங்க போயிடப் போறா? அதுக்குத்தானே நேத்து உன்னை விட்டு எங்க கார்ல அந்தச் செத்த ரிலேவை மாட்ட வச்சேன்!"

"ஆமா சார்" என்ற மெக்கானிக், ஒரு குறையும் இல்லாத முன் சக்கரத்தையும் கழற்ற ஆரம்பித்தார்.