மஞ்சள் லைட்

நாரணாபுரம் ஒர்க்‌ஷாப்பில், விற்பதற்காக டிங்கர் வேலை முடிந்து புதுப் பெயிண்ட் வாசம் அடிக்கும் காருக்குள் மெக்கானிக் அப்துல் ஹக்கீம் லேப்டாப்போடு உட்கார்ந்திருக்கிறார். டிரைவர் சீட்டில் வெள்ளைத்துரை அண்ணாச்சி. உச்சி வெயில் இருவர் மடியிலும் கிடக்கிறது. எச்சரிக்கை லைட் எரியாமலிருக்க, சக்கரம் வழுக்காமல் காக்கும் ‘ஏபிஎஸ் பிரேக் இல்லை’ என்று ஹக்கீம் தன் கையால் ஏற்றிய கோடிங் திரையில் அப்படியே இருக்கிறது. சீசன் நேரம், பழுதான பிரேக் சென்சாருக்குப் புதுசு வரும்வரை வண்டியை நிறுத்த முடியாது, லைட்டை மட்டும் அணைத்துவிடுங்கள் என்று சொன்னவர் அண்ணாச்சிதான். எட்டாம் நாள் மழையில் பிரேக் பிடித்ததும் டயர் வழுக்கி, இதே காரை ஓட்டிப்போன அவர் மகள் சுகிர்தா லாரிக்கு அடியில் போய்விட்டாள். “வாங்குறவுகளுக்காவது எரியட்டும் பாய்.” ஹக்கீம் ‘உண்டு’ என்று மாற்றி ஏற்றுகிறார். சென்சார் இன்னும் மாற்றாததால் மீட்டருக்குள் மஞ்சள் லைட் எரிகிறது. அண்ணாச்சி கட்டைவிரலால் அதைப் பொத்துகிறார். விரலோரம் வெளிச்சம் கசிகிறது. “இது எரிஞ்சா எம் மக வண்டியத் தொடவே மாட்டா. அம்புட்டு பயம் அவளுக்கு.”